சந்தியில் மறிக்கும்போது: நெடுங்கேணிப் பக்கத்து இளையோருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பிமாருக்கும் தங்கைமாருக்கும்,

நெடுங்கேணியிலும், அதைச் சுற்றி ஒலுமடு, மருதோடை, சேனைப்பிலவு, குளவிசுட்டான், பட்டிக்குடியிருப்பு, ஊஞ்சால்கட்டி என்று காட்டோரமும் குளத்தோரமுமாகக் கிடக்கும் ஊர்களிலும் லைசன்ஸ் எடுக்காமலே மோட்டார் சைக்கிளும் ஸ்கூட்டரும் லான்ட்மாஸ்டரும் ட்ரக்டரும் ஓட்டுகிற உங்களுக்குத்தான் இந்த மடல். உங்களில் பெரும்பாலோருக்கு நன்றாக ஓட்டத் தெரியும் என்பதை ஒப்புக்கொண்டே தொடங்குகிறேன். வன்னியில் வாகனம் ஓட்டுவது லேணர்ஸில் காசு கட்டிப் பழகும் வித்தையாக இருந்ததில்லை. பொருளாதாரத் தடை இறுகியிருந்த தொண்ணூறுகளில், பெற்றோலைக் கண்ணாலும் காணமுடியாத நாட்களில், காபரேற்றருக்குள் நாலைந்து துளி பெற்றோல் விட்டு உதைத்து, எஞ்சின் சூடேறியதும் மண்ணெண்ணெயில் ஓடவைத்த சனம் இது. இடம்பெயர்ந்த ஒவ்வொரு முறையும் கூரைத் தகரம் முதல் கிழவியின் கட்டில் வரை ட்ரக்டர் பெட்டியில் ஏற்றி, சேறும் பள்ளமுமான பாதைகளில் ஓட்டிப்போனவர்கள் உங்கள் அப்பாமாரும் மாமாமாரும். அந்தக் கைப்பழக்கம் உங்களுக்கும் வந்திருக்கிறது. நான் கேட்க விரும்புவது வேறு. சந்தியில் ஒருவர் கையை நீட்டி மறிக்கும்போது நீங்கள் எப்படி நிற்கிறீர்கள்? லைசன்ஸ் இல்லாதவர் மறிக்கிறவரின் தயவில் நிற்கிறார். வேலை தந்த முதலாளியின் தயவிலும், இன்சூரன்ஸ் கொம்பனியின் தயவிலும், கடைசியில் ஒரு தரகரின் தயவிலும் நிற்கவேண்டி வருகிறது. இந்த மண்ணில் எத்தனையோ பேரின் தயவில் நின்று களைத்துப்போன குடும்பங்களின் பிள்ளைகள் நீங்கள். நீங்களாகவே விலக்கிவிடக்கூடிய இந்தத் தயவை ஏன் சுமக்கவேண்டும் என்பதே என் வாதம்.

அந்தத் தயவு எப்படிப்பட்டது என்று உங்களுக்கே தெரியும். வவுனியாவுக்குப் போகவேண்டுமென்றால் புளியங்குளம் சந்தியில் ஏ9 வீதியில் ஏறத்தான் வேண்டும். அங்கே போக்குவரத்துப் பொலிஸ் நிற்கிறதா என்று முன்னால் போனவனுக்கு ஃபோன் எடுத்துக் கேட்ட பிறகுதான் உங்களில் பலர் வீட்டிலிருந்து புறப்படுகிறீர்கள். நிற்கிறது என்றால் வயல் வரம்போடு ஒரு சுற்று, அல்லது ஆறரை மணி வரை காத்திருப்பு. உரம் எடுக்கப் போவது, அம்மாவைக் கிளினிக்குக்குக் கூட்டிப்போவது, நேர்முகத் தேர்வு என்று எல்லாமே வேறொருவரின் கடமை நேரத்தைப் பார்த்து நகர்கின்றன. பகலில் போகவேண்டிய பயணம் இரவுக்குத் தள்ளப்படுகிறது. இரவில் அந்த வீதி எப்படி இருக்கும்? பகல் முழுக்க வெயிலில் சூடேறிய தாரில் மாடுகள் படுத்துக் கிடக்கும். காட்டு ஓரத்தில் யானை நிற்கும். பின்விளக்கு இல்லாத பெட்டி ஒன்று முன்னால் ஊர்ந்துகொண்டிருக்கும். பிடிபடாமல் இருப்பதற்காக நீங்கள் தெரிந்தெடுக்கிற நேரமே அந்த வீதியின் மிகவும் ஆபத்தான நேரம்.

பிடிபட்டால் என்ன என்பதையும் கணக்குப் பார்ப்போம். 2017 ஆம் ஆண்டுக்கான வரவு செலவுத் திட்டத்தில், 2016 கடைசியில், சில பாரதூரமான வீதிக் குற்றங்களுக்கு ஆகக் குறைந்த தண்டம் 25,000 ரூபா என்று முன்மொழியப்பட்டது. அதை எதிர்த்துத் தனியார் பஸ்காரர் வேலைநிறுத்தம் செய்ததைப் பெரியவர்கள் நினைவில் வைத்திருப்பார்கள். அந்தப் பட்டியலில் குடிபோதையில் ஓட்டுவதோடு லைசன்ஸ் இல்லாமல் ஓட்டுவதும் இருந்தது. லைசன்ஸ் இல்லாத ஒருவரை வேலைக்கு வைத்து ஓட்டுவிப்பதும் தனிக் குற்றமாக அதில் இருந்தது. ஹெல்மெட் போடாததற்குத் தருவதுபோல தபாற்கந்தோரில் கட்டிவிட்டு வரும் துண்டு இதற்குக் கிடையாது. நீதவான் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். தவணைக்குப் போகும் நாள் கூலி இல்லாத நாள். இவ்வளவையும் கூட்டிப் பார்த்தால், மருத்துவச் சான்றிதழ், விண்ணப்பம், எழுத்துப் பரீட்சை, லேணர்ஸ் எல்லாவற்றுக்குமாகச் செலவாகும் காசை ஒரே ஒரு மறிப்பு விழுங்கிவிடும். ஆனாலும் என் வாதத்தைத் தண்டத்தின்மேல் மட்டும் நிறுத்த விரும்பவில்லை. தண்டத்துக்குப் பயந்து எடுக்கிற லைசன்ஸ், பொலிஸ் நிற்காத ஊரில் தேவையில்லை என்று ஆகிவிடும். பெரிய இழப்பு வேறிடத்தில் இருக்கிறது.

அது இன்சூரன்ஸில் இருக்கிறது. வாகனம் வாங்கியபோது தந்த காப்புறுதிப் பத்திரத்தை வீட்டில் எங்கேயோ பையோடு மாட்டி வைத்திருப்பீர்கள். எடுத்து வாசித்துப் பாருங்கள். ஓட்டுகிறவர் அந்த வகை வாகனத்துக்குரிய செல்லுபடியான சாரதி அனுமதிப்பத்திரம் வைத்திருக்கவேண்டும் என்ற நிபந்தனை அதில் இருக்கும். வருடா வருடம் தவறாமல் காசு கட்டி, கண்ணாடியில் துண்டும் ஒட்டி ஓட்டுகிறீர்கள். ஆனால் கைப்பிடியைப் பிடித்திருப்பவருக்கு லைசன்ஸ் இல்லையென்றால், வாகனச் சேதத்துக்கு நட்டஈடு தரமுடியாது என்று கொம்பனி சொல்ல அந்த ஒரு வரி போதும். குத்தகைக்கு எடுத்த மோட்டார் சைக்கிள் சிதைந்து கிடக்கும். லீசிங் தவணை மட்டும் மாதா மாதம் வந்துகொண்டிருக்கும். இடிபட்டவர் அடுத்த ஊர்க்காரராக, பெரும்பாலும் சொந்தக்காரராகவே இருப்பார். அவருடைய கால் முறிவுக்கு யார் செலவழிப்பது என்ற பேச்சு கோயில் முன்றலில் நடக்கும். பிழை உங்களுடையதாக இல்லாவிட்டாலும், எதிரே வந்தவர் குறுக்கே திரும்பியிருந்தாலும், முதல் கேள்வி உங்களைப் பார்த்தே வரும்: லைசன்ஸ் இருக்கிறதா? இல்லை என்ற ஒரு சொல்லோடு உங்கள் பக்க நியாயம் எல்லாம் சபையில் எடுபடாமல் போய்விடும். காணி விற்றுக் கடன் தீர்த்த குடும்பங்கள் போதும். இந்த வகைக் கடன் ஒன்றையாவது முன்கூட்டியே அடைத்துவிடலாம்.

இனி உங்கள் மறுப்புகளுக்கு வருகிறேன். முதல் மறுப்பு நெஞ்சிலிருந்து வருவது, ஆகவே அதற்கு முதலில் மறுமொழி சொல்லவேண்டும். எங்கள் காணியையும் கோயிலையும் பற்றி எங்களோடு நியாயமாகப் பேசாத அரசின் கடதாசிக்கு ஏன் வரிசையில் நிற்கவேண்டும் என்று கேட்கிறீர்கள். அந்தக் கோயில் நிற்கும் வெடுக்குநாறி மலையடிவாரத்தில் வளர்ந்த பிள்ளைகளிடமிருந்து இந்தக் கேள்வி வருவதில் வியப்பில்லை. ஆனால் வீதி ஒழுங்கு கொழும்பின் சொத்தல்ல. 2002 இல் சமாதான காலத்தில் ஏ9 வீதி திறந்தபோது, அன்று வன்னியில் நிர்வாகம் நடத்திய புலிகளின் காவல்துறையும் அந்த வீதியில் வேகமாக ஓடியவர்களை மறித்துத் தண்டம் அறவிட்டது. ஆட்சி யாருடையதாக இருந்தாலும், வளைவில் முந்தினால் எதிரே வருகிறவர் சாவார். அதைவிட முக்கியமாக இன்னொன்று இருக்கிறது. அரசின்மேல் நம்பிக்கை குறைந்தவருக்குத்தான் ஆவணம் கூடுதலாகத் தேவை. நம்பிக்கை உள்ள இடத்தில் வாய்ச்சொல் செல்லும். இல்லாத இடத்தில் கையிலிருக்கும் அட்டைதான் பேசும். லைசன்ஸும் இன்சூரன்ஸும் வாகன வரிப்பத்திரமும் ஒழுங்காக இருக்கும் ஒரு பிள்ளையை மறிக்கிறவர், பார்த்துவிட்டு விடவேண்டும். விடாவிட்டால் அது அவருடைய பிழை. அதைப்பற்றி முறையிட உங்களுக்கு வாய் இருக்கும். ஒன்றும் இல்லாதவரை மறிக்கிறவர் என்ன கேட்டாலும் கொடுக்கவேண்டியிருக்கும். அரசுக்குத் தலைகுனியக் கூடாது என்பதற்காக லைசன்ஸ் எடுக்காமல் இருப்பவர், அந்த அரசின் சின்ன உத்தியோகத்தர் ஒருவருக்கு முன்னால் கிழமைக்கு இரண்டு தரம் தலைகுனிகிறார்.

இரண்டாவது மறுப்பு, பத்து வயதிலிருந்து ஓட்டுகிறேன், என்னை யார் சோதிப்பது என்பது. இதில் ட்ரக்டரை வைத்துப் பேசுவோம், ஏனென்றால் நெடுங்கேணிப் பக்கத்தில் அதுதான் சோறு போடும் வாகனம். வயலுக்குள் அதை உங்களைவிட நன்றாக ஓட்டக்கூடியவர் கிடையாது. சேற்றில் ஒரு பக்கச் சில்லுப் பிரேக்கை மட்டும் மிதித்து நின்ற இடத்திலேயே திருப்பும் லாவகம் எந்தப் பாடசாலையிலும் கற்பிக்கப்படுவதில்லை. ஆனால் அதே லாவகம்தான் வீதியில் ஆளைக் கொல்கிறது. இடதும் வலதுமான இரண்டு பிரேக் மிதிகளையும் இணைக்கும் கொக்கியை வயலில் கழற்றி விடுகிறோம். அதை மாட்ட மறந்து வீதிக்கு ஏறி, நாற்பது மூட்டை நெல்லோடு இறக்கத்தில் ஒரு மிதியை மட்டும் அழுத்தினால், ட்ரக்டர் ஒரு பக்கம் இழுக்க, பின்னால் வரும் பெட்டி நேரே தள்ளும். பாரம் ஏற்றிய பெட்டி முன்னால் போகும் எஞ்சினைத் தள்ளிக்கொண்டு போகும் என்பது வயலில் தெரியவராத பாடம். வைகாசியில் வற்றாப்பளைப் பொங்கலுக்குப் பெட்டி நிறையச் சனத்தை ஏற்றிக்கொண்டு போகும்போது பாரம் மூட்டையைப் போல அசையாமல் இருப்பதில்லை. வளைவில் எல்லாரும் ஒரு பக்கம் சாய்வார்கள். இரவில் பெட்டியின் பின்பக்கம் ஒளித்தெறிப்பான் இல்லாவிட்டால், பின்னால் வரும் மோட்டார் சைக்கிள்காரருக்கு அது ஒரு கறுத்த சுவர். இவற்றைத்தான் வீதி ஒழுங்குப் புத்தகம் கேட்கிறது. எவ்வளவு தூரத்தில் பிரேக் பிடிக்கவேண்டும், சந்தியில் யாருக்கு முதலில் வழி, சமிக்ஞை எப்போது, பாரம் எவ்வளவு. வாகனத்தைக் கையாளும் திறமை உங்களோடு முடிந்துவிடும். வீதியை மற்றவரோடு பங்குபோடுவது வேறு திறமை. இதனால்தான் சட்டமும் இவற்றைப் பிரித்து வைத்திருக்கிறது. கைஉழவு இயந்திரத்துக்கு ஜி1, நான்கு சில்லு உழவு இயந்திரத்துக்கு ஜி, 100 சீசீக்கு உட்பட்ட மோட்டார் சைக்கிளுக்கு ஏ1, அதற்கு மேற்பட்டதற்கு ஏ, முச்சக்கர வண்டிக்கு பி1, காருக்கு பி என்று வகைகள் வேறு வேறு. மோட்டார் சைக்கிளுக்கு மட்டும் லைசன்ஸ் எடுத்துவிட்டு அதைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ட்ரக்டர் ஓட்டுகிறவர், தன்னிடம் லைசன்ஸ் இருப்பதாகவே நம்பிக்கொண்டிருக்கிறார். அட்டையின் பின்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள்: எந்த எழுத்துக்கு நேரே திகதி அச்சிடப்பட்டிருக்கிறதோ, அதை ஓட்டத்தான் அனுமதி.

சோதனை வைப்பதால் உண்மையில் பயன் உண்டா என்று கேட்பவர்களுக்கு ஒரு பழைய நாட்டின் கதையைச் சொல்லலாம். பிரித்தானியாவில் 1903 ஆம் ஆண்டுச் சட்டம் வாகனம் ஓட்ட லைசன்ஸ் வேண்டும் என்றது. ஆனால் சோதனை கிடையாது. காசு கட்டியவர் எவருக்கும் லைசன்ஸ் கிடைத்தது. முப்பது வருடம் அப்படியே போனது. 1934 இல் மட்டும் அந்த நாட்டு வீதிகளில் 7,343 பேர் செத்தார்கள். அன்று அங்கே ஓடிய வாகனங்கள் இன்று இலங்கையில் பதிவிலுள்ளவற்றைவிடக் குறைவு. 1935 ஆனியில் ஓட்டுநர் சோதனை கட்டாயமாக்கப்பட்டது; சாவுத் தொகையும் இறங்கியது. அதே ஆண்டு குடியிருப்புப் பகுதிகளுக்கான வேகக் கட்டுப்பாட்டையும் திரும்பக் கொண்டுவந்தார்கள், ஆகவே முழுப் புகழையும் சோதனைக்குக் கொடுக்க முடியாது. ஆனாலும் அந்த முப்பது வருடம் ஒன்றைத் தெளிவாகக் காட்டியது: சோதனை இல்லாத லைசன்ஸ் உயிரைக் காக்கவில்லை. நம் நாட்டில் இன்றும் வருடத்துக்கு இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் வீதியில் சாகிறார்கள். மோட்டார் சைக்கிளில் போனவர்களே அதில் பெரும் பங்கு. உலகம் முழுவதும் 5 வயதுக்கும் 29 வயதுக்கும் இடைப்பட்டவர்களின் சாவுக்கு முதற் காரணம் வீதி விபத்து என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. அந்த வயதுக்குள்தான் நீங்கள் எல்லாரும் இருக்கிறீர்கள்.

மூன்றாவது, மறுப்பு என்பதைவிடக் குறுக்குவழி என்று சொல்லவேண்டியது: காசைக் கொடுத்தால் எடுத்துத் தருவார்கள். இதைப்பற்றி ஊகத்தில் பேசவேண்டியதில்லை. நல்ல ஆய்வு ஒன்று இருக்கிறது. தமிழ்நாட்டில் பிறந்த பொருளியலாளர் செந்தில் முல்லைநாதனும், மரியான் பெர்ட்ராண்ட், சிமியோன் ஜான்கோவ், ரெமா ஹன்னா ஆகியோரும் டெல்லியில் லைசன்ஸ் எடுக்க வந்த 822 பேரைப் பின்தொடர்ந்து செய்த ஆய்வு அது. 2007 இல் வெளியானது. வந்தவர்களை மூன்று பிரிவாக்கினார்கள். ஒரு பிரிவுக்கு விரைவாக லைசன்ஸ் எடுத்தால் பரிசுக்காசு. இன்னொரு பிரிவுக்கு இலவசமாக ஓட்டப் பழக்கினார்கள். மூன்றாவது பிரிவை அதன்பாட்டில் விட்டார்கள். லைசன்ஸ் எடுத்தவர்களையெல்லாம் பிறகு ஆய்வுக்காரரே தனியாக ஒரு சோதனை வைத்துப் பார்த்தார்கள். லைசன்ஸ் பெற்றவர்களில் ஏறக்குறைய 71 வீதத்தினர் அரசின் ஓட்டுநர் சோதனைக்கே போயிருக்கவில்லை. 62 வீதத்தினர் இந்தத் தனிச் சோதனையில் தவறினார்கள். நன்றாக ஓட்டப் பழகியவர்களுக்கு லைசன்ஸ் எடுப்பது பெரிதாக இலகுவாகவுமில்லை. தரகரிடம் போனவருக்கே அது இலகுவாகக் கிடைத்தது. இதை நான் இரண்டு பக்கமாகவும் வாசிக்கிறேன். ஒன்று, தரகருக்குக் கொடுக்கும் காசால் அட்டை மட்டும்தான் வாங்கப்படுகிறது. அட்டைக்குப் பின்னால் இருக்கவேண்டிய ஆள் வாங்கப்படுவதில்லை. மற்றது, தரகர் ஒவ்வொரு முறையும் வெல்லும்போது நேர்மையாகப் பழகி வந்த பிள்ளை தோற்கிறது. டெல்லியில் நடந்தது டெல்லியின் கதை என்று ஒதுக்கிவிட முடியாது. தரகர் என்ற சொல் நம் பேச்சிலும் பழகிப்போன சொல்தான். ஒருவரின் தயவிலிருந்து விடுபட எடுக்கிற லைசன்ஸை இன்னொருவரின் தயவில் எடுத்தால், தொடங்கிய இடத்துக்கே வந்து நிற்போம். அப்படி எடுத்தவர் நாளைக்குப் புதுப்பிக்கவும், வகை கூட்டவும், பெயர் திருத்தவும் அதே ஆளிடம்தான் போவார்.

தூரம், செலவு, நேரம் என்ற மறுப்பு நியாயமானது. இதில் நான் உங்கள் பக்கம். நெடுங்கேணி, வவுனியா வடக்குப் பிரதேச செயலகம் இருக்கும் இடம். ஆனாலும் லைசன்ஸ் வேலைக்கு வவுனியா நகரத்துக்குத்தான் போகவேண்டும். புளியங்குளம் வழியாக நாற்பது கிலோமீற்றர் அளவு. மருத்துவச் சான்றிதழுக்கு ஒரு நாள், விண்ணப்பத்துக்கு ஒரு நாள், எழுத்துப் பரீட்சைக்கு ஒரு நாள், செயன்முறைப் பரீட்சைக்கு ஒரு நாள், இடையில் ஒரு பத்திரம் குறைந்துவிட்டால் இன்னொரு நாள். மோட்டார் வாகனப் போக்குவரத்துத் திணைக்களத்திடம் கேட்கவேண்டியதைக் கேட்போம். போகம் முடிந்த ஒரு மாதத்தில் இரண்டு நாள் நெடுங்கேணியில் நடமாடும் சேவை வைத்து, தேசிய போக்குவரத்து மருத்துவ நிறுவகத்தின் வைத்தியரையும் கூட்டிவந்து, எழுத்துப் பரீட்சையைப் பாடசாலை மண்டபத்தில் நடத்துவது முடியாத காரியமல்ல. அடையாள அட்டைக்கும் பிறப்புப் பதிவுக்கும் நடமாடும் சேவை வந்த ஊர்கள் இவை. பிரதேச சபை உறுப்பினர்களும் கமக்கார அமைப்புகளும் கையெழுத்து வாங்கிக் கேட்கவேண்டிய கோரிக்கை இது. கேட்கும்போது நீங்களும் கூட இருக்கவேண்டும். எண்ணிக்கை இருந்தால்தான் சேவை வரும். ஆனால் அது வரும்வரை பொறுத்திருப்பது சரியல்ல. நான்கைந்து நாட் கூலி போகும் என்பது உண்மை. அந்த நாட்கள் அடுத்தடுத்து வருவதில்லை; மாதக்கணக்கில் பரந்து வருகின்றன. எழுத்துப் பரீட்சை சித்தியடைந்ததும் கிடைக்கும் கற்போர் அனுமதிப்பத்திரம் ஒன்றரை வருடத்துக்குச் செல்லும். அந்த ஒன்றரை வருடத்துக்குள் மூன்று போகம் வந்துபோகும். ஒழிவு நாள் கிடைக்காமல் போகாது.

எழுத்துப் பரீட்சை என்றதும் பள்ளிக்கூடத்தை இடையில் விட்டவர்கள் பின்வாங்குகிறார்கள். இதைப் பெரிய மலையாக எண்ணவேண்டாம். நாற்பது வினா, ஒவ்வொன்றுக்கும் கீழே விடைகள் தரப்பட்டிருக்கும், சரியானதைக் குறிக்கவேண்டும். தமிழிலேயே எழுதலாம். பல வினாக்கள் வீதிச் சமிக்ஞைப் படங்களையும் வழிவிடும் முறையையும் சார்ந்தவை. கைத்தொலைபேசியில் கிரிக்கெட் ஓட்டக் கணக்கை மனனம் செய்யும் தலைக்கு அவை பாரமில்லை. எழுத்துக்கூட்டி வாசிக்கச் சிரமப்படுகிறவர் இருந்தால், அவருக்குப் பக்கத்தில் ஓஎல் எடுத்த தங்கை ஒருத்தி இருப்பாள். மாலையில் ஒரு மணித்தியாலம், மூன்று கிழமை இருந்தால் போதும். சனசமூக நிலையங்கள் இதைச் செய்யலாம். கிரிக்கெட் கழகங்கள் இன்னும் நன்றாகச் செய்யலாம், ஏனென்றால் நீங்கள் ஏற்கெனவே அங்கேதான் கூடுகிறீர்கள்.

எழுத்துப் பரீட்சையைவிடக் கூடுதலாக ஆட்களைத் திருப்பி அனுப்புவது பத்திரங்கள். இப்போது பதினெட்டைத் தொடுகிற பிள்ளைகள் 2008 ஐ ஒட்டிப் பிறந்தவர்கள். பலர் பிறந்தது ஓடிக்கொண்டிருந்த வழியில். சிலர் மரத்தடியில், பதுங்குகுழிக்குப் பக்கத்தில், பிறகு 2009 இல் செட்டிகுளம் முகாம்களில். பிறப்பைப் பதிவதற்கு அன்று யாருக்கு நேரம் இருந்தது? காலங்கடந்து பதிந்தவர்களின் பத்திரத்தில் பிறந்த திகதி ஒரு மாதிரி, பாடசாலை இடாப்பில் இன்னொரு மாதிரி. தகப்பன் பெயரில் ஒரு எழுத்து குறைந்திருக்கும். தமிழில் சரியாக இருக்கும் பெயர் ஆங்கில எழுத்தில் வேறாக இருக்கும். இந்தப் பிள்ளைகளிடம் போய் நீ ஏன் இன்னும் லைசன்ஸ் எடுக்கவில்லை என்று கேட்பதற்கு முன், அந்த நாட்களை நினைத்துக்கொள்ளவேண்டும். அதே காரணத்துக்காகத்தான் இதைத் தள்ளிப்போடக் கூடாது என்றும் சொல்கிறேன். பத்திரத்திலுள்ள பிழை தானாகத் திருந்துவதில்லை. பதிவாளரிடம் போய்ச் சாட்சி சொல்லக்கூடிய தாய் தகப்பன், மருத்துவிச்சி, கிராமத்துப் பெரியவர்கள் இன்றைக்கு இருக்கிறார்கள். பத்து வருடம் கழித்துத் தேடினால் யார் இருப்பார்களோ. லைசன்ஸுக்காக இந்தப் பிழையைத் திருத்துகிறவர் கடவுச்சீட்டுக்கும் காணி உறுதிக்கும் கலியாணப் பதிவுக்கும் சேர்த்தே திருத்திக்கொள்கிறார். யுத்தத்தில் அட்டையைத் தொலைத்த பெரியவர்களுக்கும் இதையே சொல்லுங்கள். மண்ணோடு போனது அட்டைதான். திணைக்களத்தின் பதிவேட்டிலுள்ள இலக்கம் போகவில்லை. பொலிஸில் முறைப்பாடு எழுதி அந்தப் பிரதியோடு விண்ணப்பித்தால் மாற்று அட்டை எடுக்க வழி இருக்கிறது.

தங்கைமாருக்குத் தனியாகச் சில வரி. இந்தப் பக்கத்தில் பெண்ணே தலைமை தாங்கும் குடும்பங்கள் எத்தனை என்று ஊரில் எல்லாருக்கும் தெரியும். பிள்ளையை முன்பள்ளியில் விட்டு, தையலுக்கோ ஆடைத் தொழிற்சாலைக்கோ போய், சந்தைக்கும் போய், இருட்டுமுன் வீடு திரும்பும் பெண்ணுக்கு ஸ்கூட்டர் ஒரு வசதிப் பொருளல்ல. மறிக்கப்படும்போது ஆணுக்கு வருவது பணத் தொல்லை; பெண்ணுக்கு அதோடு வேறு தொல்லைகளும் வரலாம். அண்ணனோ மாமாவோ வந்து பேசித்தான் வண்டியை எடுக்கவேண்டும் என்ற நிலை உங்களுக்கு வேண்டாம். யுத்தத்தில் அவயவம் இழந்தவர்கள் தங்களுக்கு லைசன்ஸ் கிடைக்காது என்று தாங்களே தீர்மானித்துக்கொண்டு இருந்துவிடவும் வேண்டாம். ஓட்டத் தகுதி இருக்கிறதா, எந்த வகை வாகனத்துக்கு என்பதைத் தீர்மானிக்க வேண்டியவர் மருத்துவ நிறுவக வைத்தியர்.

எடுத்தவர்களுக்கு, அதைக் கைவிடாமல் வைத்திருப்பது பற்றி. சாதாரண வாகனங்களுக்கான லைசன்ஸ் எட்டு வருடத்துக்குச் செல்லும், கனரக வாகனத்துக்கு நான்கு வருடம். எட்டு வருடம் நீண்டதுபோலத் தோன்றுவதால்தான் மறக்கிறோம். வாகனத்தின் வரிப்பத்திரத் திகதி எல்லாருக்கும் பாடம். லைசன்ஸ் திகதி யாருக்கும் தெரியாது. காலாவதியான அட்டையோடு ஓடுகிறவர் இன்சூரன்ஸ் விடயத்தில் லைசன்ஸ் இல்லாதவருக்கு மிக அருகில் நிற்கிறார். 2022 பொருளாதார நெருக்கடியை ஒட்டி அட்டை அச்சிட முடியாமல் தற்காலிகக் கடதாசி லைசன்ஸ் கொடுத்தார்கள், அதன் காலத்தையும் பல தடவை நீட்டினார்கள். அந்தக் கடதாசி இன்னும் யாரிடமாவது பொலித்தீனுக்குள் மடிந்து கிடந்தால், இனியும் நீட்டுவார்கள் என்று நம்பிக்கொண்டிருக்காமல் அட்டையை எடுத்துக்கொள்ளுங்கள். தண்டத் துண்டைத் தந்து பொலிஸ் அட்டையை வாங்கி வைத்துக்கொண்டால், அந்தத் துண்டே பதினான்கு நாளுக்கு உங்கள் லைசன்ஸ். அதற்குள் தபாற்கந்தோரில் காசைக் கட்டி, பற்றுச்சீட்டைப் பொலிஸ் நிலையத்தில் காட்டி அட்டையைத் திரும்ப எடுக்கவேண்டும். பதினான்கு நாள் தாண்டினால் தொகை இரட்டிப்பாகும். இருபத்தெட்டு நாளும் தாண்டினால் நீதிமன்றம். சின்னத் தண்டத்தோடு முடிய வேண்டியதைப் பிறகு பார்ப்போம் என்று விட்டு, அட்டையைப் பொலிஸ் நிலைய லாச்சியிலேயே வருடக்கணக்காகக் கிடக்கவிட்டவர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். வெளிநாட்டில் சாரதி வேலைக்கு விண்ணப்பிக்கும் நாளில்தான் அவர்களுக்கு அந்த அட்டையின் நினைவு வருகிறது.

ட்ரக்டர் வைத்திருக்கும் பெரியவர்களுக்கு இதை வாசித்துக் காட்டுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். அறுவடை அவசரத்தில் பதினைந்து வயதுப் பிள்ளையிடம் திறப்பைக் கொடுப்பவர், அந்தப் பிள்ளை இடித்தால் வரும் வழக்கில் தானும் நிற்பார். அந்த வழக்குக்குப் போகும் காசைக் கொண்டு தன்னிடம் வேலை செய்யும் இரண்டு பேருக்கு ஜி வகையோடு லைசன்ஸ் எடுத்துக் கொடுத்தால் அவர்கள் அவரோடு நெடுநாள் நிற்பார்கள்.

காலபோக அறுவடை முடிந்து, பெட்டிகளைக் கழற்றிக் கொட்டிலில் விட்டபின், சிறுபோகத்துக்குத் தண்ணீர் திறக்கும்வரை மாசி, பங்குனியில் உங்களுக்கு ஒழிவு இருக்கும். அந்த ஒழிவில் முதலில் கிளினிக்குக்கோ கச்சேரிக்கோ போகவேண்டாம். வீட்டில் அம்மா பெட்டகத்துக்குள், பழைய சேலைக்குக் கீழே, பொலித்தீன் பையில் சுற்றி வைத்திருக்கும் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தை எடுத்து, அடையாள அட்டைக்குப் பக்கத்தில் வைத்து, பெயரை எழுத்தெழுத்தாக ஒத்துப் பாருங்கள். பிறந்த திகதியையும் பாருங்கள். இரண்டும் ஒன்றாக இருந்தால் மறுநாள் காலை பஸ்ஸில் வவுனியாவுக்குப் போகலாம்.

அன்புடன்,
உங்கள் ஊரின்மேல் அக்கறை கொண்ட ஒருவர்